பி பிளாக்கில் கேட்ட குரல்கள்

டொராண்டோ பன்னாட்டுத் திரைப்பட விழாவின் பழைய விருதுப் பட்டியலில் 2008-ஆம் ஆண்டுக்கு நேரே ஒரு படத்தின் பெயர் இருக்கிறது: ‘பிளாக் பி’. சிறந்த கனடியக் குறும்படம். இயக்கியவர் கிறிஸ் சோங் சான் ஃபுய். அதற்கு முந்தைய ஆண்டும் ‘பூல்’ என்ற படத்துக்காக அதே விருதை அவரே பெற்றிருக்கிறார். மனிதர் சபாவில் பிறந்தவர். ‘பிளாக் பி’ எடுக்கப்பட்ட இடமோ கோலாலம்பூர், பிரிக்பீல்ட்ஸ். அதில் வருபவர்கள் இந்தியக் குடும்பத்தினர்.

மலேசியக் கலைப் பதிவுகளில் நான் தேடிவந்த ஒன்று கனடாவின் கணக்கில் வரவாகியிருந்தது. அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு போனதுதான் இந்தக் கட்டுரை.

என்ன தேடினேன் என்பதை முதலில் சொல்லிவிடவேண்டும். வீடியோக் கலையில் ஒரு வகை உண்டு. கலைஞர் கேமராவைத் தன் வீட்டுக்குள்ளேயே திருப்புவார். அம்மா, அப்பா, பழைய கடிதங்கள், பேசப்படாத சண்டைகள் இவற்றின் நடுவே ‘நான் யார்’ என்று பார்ப்பார். பாலஸ்தீனப் பெற்றோருக்கு பெய்ரூட்டில் பிறந்த மோனா ஹாதூம் 1988-இல் செய்த பதினைந்து நிமிடப் படைப்பு இவ்வகையின் பெரிய உதாரணம். குளியலறையில் எடுத்த தாயின் படங்கள்மீது, தாய் எழுதிய அரபுக் கடிதங்களின் வரிகள் திரைச்சீலைபோல ஓடும். அவற்றை மகளே ஆங்கிலத்தில் வாசிப்பார். டிரினிடாடில் பிறந்து டொராண்டோவில் வாழும் ரிச்சர்ட் ஃபுங், 1988-இல் தன் தந்தையின் சீனக் கிராமத்தைத் தேடிப்போய் ஒரு வீடியோ செய்தார். 1990-இல் தாயைப் பற்றி இன்னொன்று. கிள்ளான் பள்ளத்தாக்கின் தமிழ்க் குடும்பத்தைப் பற்றி இப்படி ஏதாவது உண்டா? இதுதான் என் கேள்வி.

இங்கே ஒரு சிறு தடயத்தைக் குறித்துவைத்தேன். ஹாதூமின் படைப்பு தயாரானது வான்கூவரில். ஃபுங் இருப்பது டொராண்டோவில். ‘பிளாக் பி’ விருது பெற்றதும் டொராண்டோவில்தான். தற்செயல் என்று இதைத் தள்ளிவிட முடியாது. கலைஞர்களின் வீடியோக்களைப் பட்டியலிட்டு, விநியோகித்து, பத்திரப்படுத்துவதற்கென்றே டொராண்டோவில் ‘வீடேப்’ என்ற அமைப்பு 1980 முதல் இயங்குகிறது. பெட்டியும் அட்டவணையும் உள்ள ஊரில் படைப்புக்கு முகவரி கிடைத்துவிடுகிறது.

இனி படத்துக்கு வருவோம். இருபது நிமிடம். கேமரா அசையாது. திரை முழுக்க ஒரு பிரம்மாண்டமான அடுக்குமாடிக் கட்டடத்தின் முகப்பு. மாடிக்கு மேல் மாடியாக நடைபாதைகள். முதலில் பகல், பிறகு இரவு. மனிதர்கள் விரல்நுனி அளவுக்குத்தான் தெரிவார்கள். யார் முகமும் பிடிபடாது. ஆனால் குரல்கள் காதுக்குப் பக்கத்தில் கேட்கும். எந்தப் பேச்சு எந்த மாடியிலிருந்து வருகிறது என்று கண் அலையும். ஒரு புள்ளி நகரும்; அந்தக் குரல் அவளுடையதாக இருக்குமோ என்று நினைப்பதற்குள் அவள் தூணுக்குப் பின்னால் போய்விடுவாள். குடும்பக் கதை என்று சொல்லத்தக்க எல்லாமே ஒலியில் இருக்கிறது. படத்தில் இருப்பது சிமெண்டு.

இந்தக் குரல்கள் யாருடையவை? பிரிக்பீல்ட்ஸ் என்றதும் நமக்கு நினைவுக்கு வருபவர்கள் ரயில்வேக்காரர்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரயில்வே ஊழியர்களுக்காகக் கட்டப்பட்டு, ‘நூறு குவார்ட்டர்ஸ்’ என்றே பேர்பெற்ற வரிசை வீடுகளில் வாழ்ந்த தமிழர், மலையாளி, யாழ்ப்பாணத்துக் குடும்பங்கள். அந்த வீடுகள் 2010-களில் இடிபட்டன. படத்தில் கேட்பது அவர்களுடைய பேரப்பிள்ளைகளின் குரலாக இருக்கலாம் என்பது இயல்பாக எழும் ஊகம். அது நிற்காது. படம் காட்டுவது, வேலை ஒப்பந்தத்தின்பேரில் இந்தியாவிலிருந்து வந்து சில வருடம் தங்கிப்போகும் குடும்பங்களை.

அந்தக் குடும்பங்களின் தடம் பத்திரிகைச் செய்திகளில் கிடைக்கிறது, கலைப் பதிவுகளில் இல்லை. 2003 மார்ச் மாதம் பிரிக்பீல்ட்ஸ் பாம் கோர்ட் அடுக்குமாடியில் போலீஸ் சோதனை நடந்தது. 200-க்கும் மேற்பட்ட இந்தியக் கணினித்துறை ஊழியர்கள் பிடித்துச் செல்லப்பட்டார்கள். முறையான வேலை அனுமதி வைத்திருந்தவர்களும் அதில் அடக்கம். இந்திய அரசு கண்டனம் தெரிவிக்க, இரு நாட்டு உறவையே உரசிய விவகாரமாக அது ஆயிற்று. அந்தக் கட்டடம்தான் படத்தின் கட்டடம் என்று நான் வாதிடவில்லை. என் கேள்விக்கு அது தேவையும் இல்லை. படம் எடுப்பதற்கு ஐந்து வருடம் முன்பே, பிரிக்பீல்ட்ஸின் உயர்ந்த கட்டடங்களில் தற்காலிகமாக வாழ்ந்த ஒரு புதிய இந்தியச் சமூகம் இருந்தது என்பதற்கு இது சான்று. அவ்வளவு போதும்.

ஆக, முதல் தடயம் தந்த விடை பாதிதான். பிரிக்பீல்ட்ஸ் உண்டு, குடும்பம் உண்டு, சோதனை வடிவமும் உண்டு. ஆனால் எடுத்தவர் அந்தக் குடும்பத்தவர் இல்லை. எடுக்கப்பட்டவர்கள் நான்கைந்து தலைமுறையாக இங்கே இருக்கும் தோட்டத்துத் தமிழரோ ரயில்வேத் தமிழரோ இல்லை. தொலைவிலிருந்து பார்க்கும் அந்தக் கேமரா நேர்மையான கேமரா என்பேன். தனக்குத் தெரியாத வீட்டுக்குள் அது நுழைய முயலவில்லை.

வீட்டுக்குள்ளிருந்து எடுத்தவர்கள் யார் என்று உள்நாட்டுப் பதிவுகளைப் புரட்டத் தொடங்கினேன். தேசியக் கலைக்கூடம் 1958-இல் ஜாலான் அம்பாங்கில் தொடங்கி, 1984-இல் பழைய மெஜஸ்டிக் ஓட்டலுக்கு மாறி, 1998-இல் இன்றைய ஜாலான் தெமெர்லோ கட்டடத்துக்குப் போனது. மெஜஸ்டிக் காலம் முடியும் தறுவாயில், 1997-இல், அங்கே முதலாவது மின்னணுக் கலைக் கண்காட்சி நடந்தது. கோலாலம்பூர் ரயில் நிலையத்துக்கு எதிர்ப்புறம். பிரிக்பீல்ட்ஸிலிருந்து நடந்தே போய்விடும் தூரம். பொறுப்பேற்று நடத்தியவர்கள் ஹஸ்னுல் ஜமால் சைடோன், நிரஞ்சன் ராஜா. இருவரும் அப்போது சரவாக் பல்கலைக்கழகத்தில் கற்பித்துக்கொண்டிருந்தார்கள்.

நிரஞ்சன் ராஜா என்ற பெயரைப் பார்த்ததும் நெஞ்சு சற்று வேகமாக அடித்தது என்பதை மறைக்கவேண்டியதில்லை. மலேசிய இணையக் கலையின் தொடக்கப் படைப்புகளில் ஒன்றை 1996-இல் செய்தவர் அவர். ஆனால் அந்தப் படைப்பு விசாரித்தது மார்செல் டுஷாம்ப் என்ற ஐரோப்பியக் கலைஞரையும், இணையத்தில் பார்வை என்பது என்ன ஆகிறது என்பதையும். வீடு அதில் இல்லை. பின்னாளில் கனடாவில் குடியேறிப் பல்கலைக்கழகத்தில் கற்பித்த அவர், ‘கொபோய்’ என்ற கௌபாய் வேடத்தில், பாட்டும் கிதாருமாக ஒரு நீண்ட படைப்புத் தொடரைச் செய்தார். மலேசியாவுக்கும் வான்கூவருக்கும் நடுவில் தான் யார் என்ற கேள்வி அதில் வெளிப்படையாகவே இருக்கிறது. ‘தன்னடையாளம்’ என்ற தலைப்பின் கீழ் இதைத் தயங்காமல் வைக்கலாம். ‘குடும்பம்’ என்ற தலைப்பின் கீழ் வைக்க எனக்குத் தயக்கம் இருக்கிறது. கனடா மட்டும் இங்கேயும் வந்து நின்றது.

மின்னணுவை விட்டுச் சற்றுப் பின்னே போனால் தடம் தெளிவாகிறது. மலேசியக் கலையில் குடும்பம் ஸ்டூடியோப் புகைப்படமாக நுழைவதை அங்கே பார்க்கலாம். குவாந்தானில் பிறந்த ரெட்சா பியதாசா 1980-களில் தொடங்கிய ‘மலேசியத் தொடர்’, பழைய குடும்பப் புகைப்படங்களைப் பட்டுத்திரை அச்சில் எடுத்து வண்ணமிட்டது. பாபா குடும்பங்களும் மலாய்ப் பெண்களும் நாற்காலியில் விறைப்பாக அமர்ந்து நம்மைப் பார்ப்பார்கள். பினாங்கைச் சேர்ந்த வோங் ஹோய் சியோங் இன்னொரு அடி வைத்தார். 1990-இல் அவர் செய்த ‘சூக் சிங்’ வீடியோ, ஜப்பானியர் ஆட்சியில் உயிர்தப்பியவர்களைப் பேசவைத்தது. 1994-இல் வரைந்த பெரிய கரித்துண்டு ஓவியங்களில் சொந்தக் குடும்பமே வந்தது. பதினான்கு வயதில் மணமாகிப் பதினான்கு பிள்ளை பெற்றவள் என்று ஓர் ஓவியத்தின் தலைப்பு. பால்வெட்டுத் தொழிலாளிக்கும் பள்ளி ஆசிரியருக்கும் கல்யாணம் என்று இன்னொன்றின் தலைப்பு.

இந்த இரண்டாவது தலைப்பைப் படிக்கும் எந்த மலேசியத் தமிழரும் ஒரு கணம் நின்றுவிடுவார். பால்வெட்டு என்றால் நமக்கு நம் பாட்டிதானே. ஆனால் ஓவியத்தில் இருப்பது சீனக் குடும்பம். ரப்பர் தோட்ட நினைவுக்கு நாம் மட்டுமே வாரிசு இல்லை என்பதும், என் தேடலில் அந்த நினைவைக் கலைக்கூடத்துக்குக் கொண்டுபோனவராகக் கிடைத்தவர் நம்மவர் இல்லை என்பதும் ஒரே படைப்பில் சேர்ந்து கிடைக்கின்றன. முதல் செய்தி எனக்கு மகிழ்ச்சி. இரண்டாவது அப்படி இல்லை.

சிம்ரின் கில் 2001-இல் தீபகற்ப மலேசியா நெடுக வீடு வீடாக நுழைந்து எடுத்த 260 புகைப்படங்களில் வரவேற்பறைகள் இருக்கின்றன, குடியிருப்பவர்கள் இல்லை. வின்சென்ட் லியோங் 2012-இல் எடுத்த இரண்டு படங்களில் ஒன்றில் இந்தியக் குடும்பமே இருக்கிறது. மலாய் உடையில், பழைய அரண்மனைப் படத்தின் தோரணையில். அது எழுப்பும் கேள்வி கூர்மையானது. கேட்டவர் வெளியாள். குரல் இல்லை.

வழக்கமாக இத்தகைய தேடல் இங்கே, ‘நம்மவர் செய்யவில்லை’ என்ற புலம்பலோடு முடிந்துவிடும். தேடிய அலமாரி சரிதானா என்று ஒருமுறை சரிபார்ப்பது நல்லது. கலைக்கூட அட்டவணையை மூடிவிட்டுத் திரைப்பட அட்டவணையைத் திறந்தால் காட்சி மாறுகிறது. தீபக் குமரன் மேனன் 2005-இல் ‘செம்மண் சாலை’ எடுத்தார்; அறுபதுகளின் தோட்டத்தில், மேலே படிக்க ஆசைப்படும் ஒரு பெண்ணின் வீடு. 2007-இல் ‘சலங்கை’. களம் பிரிக்பீல்ட்ஸேதான்: பூ கட்டி விற்கும் தாய், கார் கழுவும் மகன், பரதநாட்டியம் கற்க ஏங்கும் மகள். அவசரமில்லாத நீண்ட ஷாட்டுகள், சிறிய டிஜிட்டல் கேமரா, பாட்டு, சண்டை எதுவும் கிடையாது. ‘பிளாக் பி’க்கு ஒரு வருடம் முன்பு, அதே பேட்டையில், தரையில் நின்று எடுக்கப்பட்ட படம் இது. இரண்டையும் ஒரே மாலையில் அடுத்தடுத்துப் போட்டுக் காட்டவேண்டும். ஆனால் ஒன்று ‘சோதனை வீடியோ’ என்றும் மற்றது ‘முழுநீளக் கதைப்படம்’ என்றும் வெவ்வேறு அறைகளில் கிடக்கின்றன.

பிரிவு என்பது சும்மா ஒரு சீட்டு என்று நினைப்பவர்கள் 2016-ஐ நினைவுகூரலாம். சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’, ஒரு சிறுவனையும் அவன் தந்தை, சித்தப்பாக்களையும் வைத்துத் தோட்டம் சிதைந்தபிறகான வாழ்க்கையைச் சொன்ன தமிழ்ப் படம். அந்த ஆண்டின் மலேசியத் திரைப்பட விழாவில், மலாய் அல்லாத மொழிப் படங்களுக்கென்று தனிப் பிரிவு வைத்ததை எதிர்த்துப் பெரிய சர்ச்சை எழுந்தது. ஒளிப்பதிவாளர் முகமட் நோர் காசிம் தன் பழைய விருதுகளைத் திருப்பிக் கொடுத்தார். பிரிவு கைவிடப்பட்டது. சிறந்த மலேசியப் படமாக ‘ஜகாட்’ தேர்வானது. சீட்டு மாறாதிருந்தால் அந்தப் படம் வேறொரு வரியில் பதிவாகியிருக்கும்; நாளைக்குத் தேடுகிறவர் கண்ணில் படாமலே போயிருக்கும்.

இத்தனைக்குப் பிறகும் ஒரு குறை மிஞ்சியது. இவை அனைத்தும் கலைஞர்களின் படைப்புகள். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் கிள்ளான் பள்ளத்தாக்கின் தமிழ்க் குடும்பங்களைப் பல மணிநேரம் விடாமல் படம்பிடித்த ஒரு கூட்டம் இருந்தது. கலை என்று யாரும் அதைச் சொன்னதில்லை. கல்யாண வீடியோக்காரர்கள்.

கிள்ளானில், ஜாலான் தெங்கு கிளானாவை ஒட்டிய ஒரு சந்தில், இப்போது பாஸ்போர்ட் படம் மட்டும் எடுத்துத்தரும் ஒரு பழைய ஸ்டூடியோ. உரிமையாளர் எழுபதைத் தாண்டியவர். வாடிக்கையாளர்கள் வாங்கிப்போகாமல் விட்ட வி.எச்.எஸ். கேசட்டுகள் ஓர் அட்டைப்பெட்டியில் கிடந்தன. ஒன்றை எடுத்து முன்மூடியைத் திறந்து வெளிச்சத்தில் காட்டினார். சுருளின் விளிம்பில் வெள்ளைப் பொடி; பூஞ்சை. முதுகில் பால்பாயின்ட் பேனாவால் ஒரு தேதியும் மண்டபத்தின் பெயரும். பூஞ்சை பிடிக்காத இன்னொன்றை டெக்கில் போட்டார். பிள்ளையார் சுழன்று வந்தார், மணமக்கள் பெயர் இதயத்துக்குள் எழுந்தது, பிறகு ஒரு சினிமாப் பாட்டு. தாலி கட்டும்போது வேறொரு பாட்டு. மேளம் இல்லை, ஐயர் குரல் இல்லை, ஒருவர் பேச்சும் இல்லை.

“நெச சத்தம் இல்லீங்களா ஐயா?” என்று கேட்டேன்.

“சத்தம் எதுக்குத் தம்பி? கலியாண வீட்டுல என்ன பேசிருவாங்க? சாப்டீங்களா, பொட்டி எங்க, அதான். பாட்டுப் போட்டாத்தான் சனங்களுக்குப் புடிக்கும்.”

“மாஸ்டர் டேப்பு?”

“அதுல அடுத்த கலியாணம் புடிச்சிருவோம். அப்ப டேப்பு என்ன வெல!”

‘பிளாக் பி’யில் முகம் தொலைவில், குரல் பக்கத்தில். இங்கே முகம் திரையை நிறைக்கிறது, குரலைக் காணோம். திரையில் ஓடும் எழுத்து மணமகள் பெயரையும் பெற்றோர் பெயரையும் முறையாகச் சொல்லும். வீட்டில் அவளைப் பாப்பா என்று கூப்பிட்டார்களா, மூத்தவளே என்றா, ஓரத்தில் நிற்கும் அந்தக் கிழவி அவளுக்கு அம்மாயியா பெரியம்மாவா என்பதெல்லாம் சத்தத்தில்தான் இருந்தது. குடும்பத்துக்குள் ஒருவர் யார் என்பதை அழைக்கும் குரல்தான் சொல்லும். அதை அழித்துவிட்டுப் பாட்டுப் போட்டிருக்கிறோம்.

முழுக்க அழிந்துவிட்டதா என்பதில்தான் ஒரு திருப்பம். வி.எச்.எஸ். நாடாவின் அகலம் அரை அங்குலம். சாதாரண டெக்குகள் ஒலியை நாடாவின் விளிம்பில் ஒரு மெல்லிய பட்டையில் எழுதின. பின்னால் வந்த ஹை-ஃபை டெக்குகள், அந்தப் பட்டையோடு கூட, படம் எழுதும் அதே சுழல் உருளையைக் கொண்டு படத்துக்கு அடியிலும் ஒலியைப் பதித்தன. பதிவான கேசட்டில் பாட்டுச் சேர்க்க ‘ஆடியோ டப்’ பொத்தானை அழுத்தினால், மாறுவது விளிம்புப் பட்டை மட்டும். படத்தை அழிக்காமல் அடியில் உள்ள ஒலியை அழிக்க முடியாது. வேறு கேசட்டுக்குப் பிரதி எடுத்துத் தொகுத்த கல்யாணங்களுக்கு இந்த நம்பிக்கை கிடையாது. ஆனால் எடுத்த நாடாவிலேயே பாட்டைப் பதித்து வேலையை முடித்த அவசரக்காரர்களும் இருந்தார்கள்.

அட்டைப்பெட்டியிலிருந்து இன்னொரு கேசட்டைப் போட்டு, ஒலித் தேர்வை ஹை-ஃபைக்கு மாற்றச் சொன்னேன். பாட்டு நின்றது. இரைச்சல். நாதஸ்வரம். அதற்கு மேலே, கேமராவுக்கு மிக அருகில் நின்ற ஒரு பெண்ணின் குரல்: “ஏ குட்டி, அத்தக்கிட்ட போயி குங்குமச் சிமிழ வாங்கியா.” படத்தின் இடது ஓரத்தில் ஒரு சிறுமி திரும்பிப் பார்த்து ஓடினாள். ஸ்டூடியோக்காரர் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார். “இத்தன வருசம் இது உள்ள இருந்துச்சா?” என்றார்.

ஒரு கேசட்டைக் கொண்டு வரலாறு எழுதக்கூடாது. ஒரு தேடலைத் தொடங்கலாம். அதற்குக் காலம் குறைவு. காந்த நாடாவின் பசை ஈரத்தை உறிஞ்சி இளகும். நம் ஊர் புழுக்கத்தில் பூஞ்சையும் சேரும். உலகில் வி.எச்.எஸ். டெக் தயாரித்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய், 2016 ஜூலையில் தயாரிப்பை நிறுத்திவிட்டது. காந்த நாடாக்களை 2025-க்குள் கணினிக்கு மாற்றாவிட்டால் பெரும்பகுதி கைவிட்டுப்போகும் என்று ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலி ஆவணக்காப்பகம் 2015-லேயே எச்சரித்தது. அந்த வருடமும் வந்துவிட்டது.

எனவே கேசட் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். வெள்ளைப் பொடி தெரிந்தால் டெக்கில் போட்டுப் பார்க்காதீர்கள். கேசட்டும் போகும், டெக்கும் போகும். படுக்கவைக்காமல் புத்தகம்போல நிற்கவைத்து, காற்றோட்டமான உலர்ந்த இடத்தில் வையுங்கள். வீட்டில் பெரியவர்கள் இருக்கும்போதே, யார் யார் என்று கேட்டு ஒரு தாளில் எழுதி உறைக்குள் போடுங்கள். மாற்றித்தரும் கடையில் கொடுக்கும்போது, ஹை-ஃபை டெக்கில் ஓட்டி இரண்டு ஒலித்தடங்களையும் தனித்தனியாகப் பிரதி எடுக்கச் சொல்லுங்கள். பாட்டு மட்டும் போதும் என்று அவர்கள் சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள்.